முதல் எதிரி விடுதலை

மூன்று முறை கூப்பிடுவார்கள். மூன்றாவதற்குள் உள்ளே போய் நிற்காவிட்டால் பிடியாணை என்று முதல் வாய்தாவிலேயே வக்கீல் பக்கிரிசாமி சொல்லிவிட்டார். அதிலிருந்து இந்த வராந்தாவுக்கு வந்தால் என் காது மட்டும் தனியாக எழுந்துபோய் அந்தக் கதவோரம் நின்றுகொள்கிறது. மீதி நான் இங்கே, சுவரோரத்துப் பெஞ்சில், கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். மணி பத்து ஐம்பது. இன்றைக்குத் தீர்ப்பு. உள்ளே வேறு ஏதோ வழக்கு நடக்கிறது, மணல் லாரி என்று காதில் விழுகிறது, டவாலி இரண்டு தடவை வெளியே வந்து வேறு பெயர்களைக் கூப்பிட்டுவிட்டுப் போனார்.  என் பெயர் விடுதலை. பத்தாம் வகுப்புக்கு அறிவியல் எடுக்கிறவள். நீதிமன்ற வராந்தாவில் நின்று இந்தப் பெயரைச் சத்தம் போட்டுக் கூப்பிட்டால் எப்படி இருக்கும் என்று வைத்தவர் யோசித்திருக்க மாட்டார். முதல் தடவை டவாலி வாசலுக்கு வந்து விடுதலை, விடுதலை, விடுதலை என்று நீட்டிக் கூப்பிட்டபோது வராந்தாவில் நின்ற அத்தனை பேரும் திரும்பினார்கள். கையில் விலங்கோடு நின்ற ஒருத்தர், ஐம்பது வயதிருக்கும், நிஜமாகவே கேட்டார், "யாருக்குங்க?" என்று. கூட இருந்த போலீஸ்காரர் சிரித்தார். நான் எழுந்து புடவையைச் சரிசெய்துகொண்டு அந்தச் சிரிப்புக்கு நடுவில் நடந்து உள்ளே போனேன். போய் நின்றதும் எழுத்தர், "எதிரி பேரு?" என்றார். எதிரி. குற்றம் சாட்டப்பட்டவரை இங்கே அப்படித்தான் சொல்கிறார்கள். யாருக்கு எதிரி என்று சொல்வதில்லை. எதிரி ஒன்று, எதிரி இரண்டு. நான் ஒன்று. என் பக்கத்தில் இப்போது உட்கார்ந்து கைக்குட்டையை நாலாக மடித்து, பிரித்து, மறுபடியும் மடித்துக்கொண்டிருக்கிற இருதயராஜ் இரண்டு. எங்கள் பள்ளிக்கூடத்தின் ஆய்வக உதவியாளர். அவர் நகங்கள் மஞ்சளாக இருக்கும், நைட்ரிக் அமிலக் கறை, முப்பது வருஷத்துக் கறை, அதை மட்டும் பார்த்தாலே எனக்கு அந்த அறையின் வாசனை வந்துவிடும்.

வராந்தாவின் அந்தக் கோடியில், தண்ணீர் டிரம் வைத்திருக்கிற இடத்துக்குப் பக்கத்தில், அவளும் அவள் அப்பாவும் நிற்கிறார்கள். பார்க்கவில்லை, ஆனால் தெரிகிறது. தர்ஷிகா. என்னிடம் படித்தவள். இன்றைக்கு அவள் வரவேண்டிய அவசியமே இல்லை, சாட்சி சொல்லி முடித்து எட்டு மாசம் ஆகிறது, தீர்ப்புக்குச் சாட்சி வரவேண்டாம். வந்திருக்கிறாள். பச்சைச் சுடிதார். உயரமாகிவிட்டாள். அப்பா டிராக்டர் மெக்கானிக், சின்னையன் என்று பெயர், கைகளைக் கட்டிக்கொண்டு தரையைப் பார்த்துக்கொண்டு நிற்பார், மூணு வருஷமாக எந்த வாய்தாவிலும் என்னைப் பார்த்து ஒரு வார்த்தை பேசினதில்லை. திட்டியிருந்தால்கூட நன்றாயிருந்திருக்கும். ஏன் வந்திருக்கிறார்கள். எனக்குத் தண்டனை கிடைப்பதைக் கேட்கவா, கிடைக்காததைக் கேட்கவா. இரண்டு வருஷம் வரைக்கும் போடலாம் என்று பக்கிரிசாமி சொன்னார், "போட மாட்டாங்க டீச்சர், ஆனா போடலாம்." போட்டால் அன்றைக்கே மேல்முறையீட்டுக்கு மனு, அன்றைக்கே ஜாமீன், இரண்டு பேர் ஜாமீன்தாரர்களைத் தயாராக வைத்துக்கொள்ளச் சொன்னார். என் கணவரும் அவர் சித்தப்பா மகனும் வெளியே டீக்கடையில் இருக்கிறார்கள். உள்ளே வரவேண்டாம் என்று நான்தான் சொன்னேன். தண்டனை வந்தால் வேலை போகும். வேலை போவதை நினைத்துப் பயப்படுகிறேனா? அதை நினைத்தால் பயம் இருக்கிறது, ஆனால் பெரிய பயம் அது இல்லை, அது வேறு எங்கோ அடியில் கிடக்கிறது, நான் கையை விட்டுத் தொட்டுவிட்டு எடுத்துக்கொள்கிறேன்.

என் அப்பா பதினைந்து நாள் ஜெயிலில் இருந்தார், நான் பிறந்தபோது. ஏதோ மறியல். கறுப்புச் சட்டைக்காரர், தையல் கடை வைத்திருந்தார், கூட்டம் என்றால் மிஷினை மூடிவிட்டுப் போய்விடுவார். நான் விடியற்காலையில் பிறந்தேன், அவரைச் சாயங்காலம் விட்டார்கள், சிறை வாசலிலிருந்து நேராக ஆஸ்பத்திரிக்கு வந்தார், சவரம் பண்ணாத முகத்தோடு என்னை வாங்கி, "விடுதலை" என்றாராம். அம்மா, தன்னை விட்டுவிட்டார்கள் என்று சொல்கிறார் என நினைத்துக்கொண்டு, "ஆமா, இப்பத்தான் வந்தீங்க, உக்காருங்க" என்றாளாம். பிறகுதான் அது பெயர் என்று புரிந்து ஒரு பாட்டம் அழுதாள். அவளுக்குக் காமாட்சி என்று வைக்க ஆசை. இந்தக் கதையை அப்பா எல்லாக் கூட்டத்திலும் சொல்வார், என்னை மேடையில் தூக்கி நிறுத்திக்கூடச் சொல்லியிருக்கிறார், பெண்ணுக்கு இப்படிப் பேர் வைத்தவன் இந்த மாவட்டத்திலேயே நான் ஒருத்தன்தான் என்று. பள்ளிக்கூடத்தில் வருகைப் பதிவு எடுக்கும்போது என் பெயர் வந்ததும் கடைசி பெஞ்சில் யாராவது பையை எடுத்து மாட்டிக்கொண்டு கிளம்புவது போல நடிப்பார்கள். கல்யாணப் பத்திரிகையில் மாமியார் வீட்டில் பெயரை மாற்றிப் போடலாமா என்று கேட்டார்கள். அப்பா சம்மதிக்கவில்லை. எனக்கும் உள்ளுக்குள் பெருமைதான். யாராவது பெயரைக் கேட்டு ஒரு கணம் நிற்பார்கள் இல்லையா, அந்த ஒரு கணத்துக்காக நான் காத்திருப்பேன். இப்போதும் காத்திருக்கிறேன், அந்தக் கதவைப் பார்த்துக்கொண்டு. டவாலி வந்தார். "செங்குட்டுவன், முருகையன்." இல்லை. 

துத்தநாகம், நீர்த்த கந்தக அமிலம். ஒரு குடுவை, அதன் வாயில் கார்க், கார்க்கில் இரண்டு துளை, ஒன்றில் அமிலம் ஊற்ற நீளமான புனல், இன்னொன்றில் வாயு வெளியே வரக் கண்ணாடிக் குழாய். இருபத்திரண்டு வருஷமாகச் செய்துகாட்டுகிறேன், கண்ணை மூடிக்கொண்டு செய்வேன். கண்ணை மூடிக்கொண்டு என்றா சொன்னேன். எந்தச் சொல்லை எடுத்தாலும் இப்படித்தான், அடியில் ஒரு சில்லு இருக்கிறது. அன்றைக்கும் கரும்பலகையில் சமன்பாட்டை எழுதினேன், துத்தநாகமும் அமிலமும் இந்தப் பக்கம், துத்தநாக சல்ஃபேட்டும் ஹைட்ரஜனும் அந்தப் பக்கம், ஹைட்ரஜனுக்குப் பக்கத்தில் மேலே போகிற அம்புக்குறி. கீழே "ஹைட்ரஜன் விடுதலையாகிறது" என்று எழுதினேன். புத்தகத்தில் வெளியேறுகிறது என்றுதான் போட்டிருக்கும். எனக்குப் படிப்பித்த வாத்தியார் விடுதலையாகிறது என்று எழுதுவார், எழுதிவிட்டு என்னைப் பார்ப்பார், அந்த ஆசையில் நானும் அப்படியே எழுதுவேன், பிள்ளைகள் சிரிப்பார்கள், அந்தச் சிரிப்பும் பாடத்தில் ஒரு பகுதி. அன்றைக்குச் சிரித்தது தர்ஷிகா. முதல் வரிசையில் நின்றுகொண்டு, "மிஸ், அப்ப ஹைட்ரஜன்லாம் நீங்களா ஆயிடுமா?" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். அது அவள் முகத்தை நான் முழுதாகப் பார்த்த கடைசித் தடவை. இரண்டு கண்ணும் சிரித்தன. இதை நான் தேடிப்போய் நினைப்பதில்லை, அதுவாக வருகிறது, பல் தேய்க்கும்போது வருகிறது, பஸ்ஸில் சில்லறைக்குக் கை நீட்டும்போது வருகிறது. பிறகு அவர்களுக்குச் சொன்னேன், உடனே பற்றவைக்கக் கூடாது, குடுவைக்குள் இருக்கிற காற்று முதலில் போகவேண்டும், ஹைட்ரஜன் காற்றோடு கலந்திருந்தால் வெடிக்கும், சுத்தமாக இருந்தால் அமைதியாக எரியும், அதனால் பொறுக்கவேண்டும் என்று. சொன்னேன். நிச்சயமாகச் சொன்னேன். பொறுக்கவேண்டும் என்று சொல்லிவிட்டு அமிலத்தை ஊற்றினேன், குமிழி வர ஆரம்பித்தது, என் போன் அதிர்ந்தது.

அப்பா. அந்த நேரத்தில் கூப்பிட மாட்டார், அதனால் பயந்துபோய், "யாரும் கை வைக்காதீங்க" என்று சொல்லிவிட்டு வராந்தாவுக்கு வந்தேன். அப்பாவுக்கு ஒன்றுமில்லை. குரல் வழக்கம்போல இருந்தது. "உங்க அண்ணன் பத்திரம் எழுதக் குடுத்துட்டாம்மா. வெள்ளிக்கிழமை நாள் நல்லாருக்காம். வந்து ஒரு கையெழுத்துப் போட்டுட்டுப் போயிடு." என்ன பத்திரம் என்றேன். "அதான், விடுதலைப் பத்திரம். வீட்டுல உன் பாகத்தை அவனுக்கு விட்டுக்குடுக்கற மாதிரி." நாள் நல்லாயிருக்காம். என் அப்பா நாள் பார்க்கிறார். சொத்தில் பெண்ணுக்குச் சமபங்கு என்று நாற்பது வருஷம் மேடையில் பேசின வாய். எனக்கு வீடு வேண்டாம், அந்த ஓட்டு வீட்டை வைத்து நான் என்ன செய்யப்போகிறேன், கேட்டிருந்தால் நானே கொடுத்திருப்பேன். கேட்கவில்லை. எழுதக் கொடுத்துவிட்டார்கள். "ஏம்பா, எம் பேரையே பத்திரத்துக்கு வெச்சுட்டீங்களா?" என்றேன். அவர் சிரித்தார். அந்தச் சிரிப்பில்தான் எனக்குக் கோபம் வந்தது. வகுப்புக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, வராந்தாக் கம்பியைப் பிடித்துக்கொண்டு, எதிரே மைதானத்தில் யாரோ வரிசையாக ஓடிக்கொண்டிருந்ததைப் பார்த்துக்கொண்டு, நான் அப்பாவிடம் பேசினேன், மேடையில் என்ன சொன்னீங்க, அம்மாவுக்கு என்ன சொன்னீங்க என்று ஒவ்வொன்றாக எடுத்து எடுத்துப் போட்டேன். எல்லாம் நியாயமான பேச்சு. ஒரு வார்த்தைகூடத் தப்பில்லை. நாலு நிமிஷம். போனில் பிறகு பார்த்தேன், நாலு நிமிஷம் பத்து விநாடி. இரண்டு நிமிஷத்தில் வைத்திருக்கலாம். அவர் சிரித்த இடத்தில் வைத்திருந்தால் ஒன்றரை நிமிஷம். அந்த ஒன்றரைக்கும் நாலுக்கும் நடுவில்தான் நான் இந்த மூணு வருஷமும் குடியிருக்கிறேன். குடுவை வெடித்த சத்தம் பெரிதாக இல்லை. பெரிய டப்பா மூடியைத் தரையில் போட்ட மாதிரி. பிறகுதான் பிள்ளைகளின் சத்தம்.

ஆஸ்பத்திரி வராந்தாவில் தலைமையாசிரியர் என் பக்கத்தில் வந்து நின்று, ரொம்ப மெதுவாக, "நீங்க உள்ளேதானே இருந்தீங்க டீச்சர்?" என்றார். கேள்வி மாதிரி இல்லை. நான் தலையாட்டினேன். அவ்வளவுதான் நான் செய்தது. ஒரு பொய்யைக்கூட வாயால் சொல்லவில்லை. அந்தத் தலையாட்டலைப் போலீஸ் ஸ்டேஷனில் எழுதினார்கள், எழுதினதை வாசித்துக் காட்டினார்கள், "மாணவிகளின் அருகில் நான் உடனிருந்தேன்" என்று இருந்தது, கையெழுத்துப் போட்டேன். போலீஸ் கவனக்குறைவு என்று வழக்குப் போட்டது, அதற்கு நான் உள்ளே இருந்தாலே போதும், பாதுகாப்புக் கண்ணாடி கொடுக்கவில்லை என்று. வெளியே இருந்தேன் என்றால் தண்டனைதான், பேச்சே கிடையாது என்று பக்கிரிசாமி சொன்னார். அவரிடமும் நான் ஒன்றும் சொல்லவில்லை, அவரும் கேட்கவில்லை, கேட்காமலிருப்பதில் அவர் கெட்டிக்காரர். மற்ற பிள்ளைகள் சரியாக ஞாபகமில்லை என்றார்கள். இருதயராஜ் அப்போது பக்கத்து அறையில் ஜாடி கழுவிக்கொண்டிருந்தார், அவருக்குத் தெரியாது. இதற்கு நடுவில் அந்தப் பத்திரத்திலும் கையெழுத்துப் போட்டேன். சண்டை போட எனக்கு அப்போது வாயில்லை. பதிவு அலுவலகத்தில் பத்திரம் எழுதுகிறவர் வாசித்தார், "விடுதலை எழுதிக்கொடுப்பவர் விடுதலை." வாசித்துவிட்டுக் கண்ணாடியைத் தூக்கி என்னைப் பார்த்தார். அண்ணன் வேறு பக்கம் பார்த்தான். அப்பா வெளியே வேனிலேயே உட்கார்ந்திருந்தார், கால் முடியவில்லை என்றார்கள். போன வருஷம் போய்விட்டார். அன்றைக்கு நான் எங்கே நின்றுகொண்டு போனில் பேசினேன் என்று அவருக்குக் கடைசிவரை தெரியாது. "கோர்ட்டுல நீ ஜெயிச்சிடுவே, உம் பேரு அப்படி" என்று ஒருநாள் சொன்னார். நான் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

"டீச்சர்." இருதயராஜ். கைக்குட்டையை மடிப்பது நின்றிருந்தது. "ஒண்ணு சொல்லணும். இன்னிக்கு எப்படி ஆனாலும், அதுக்கு முன்னாடி சொல்லிடணும்னு." சொல்லுங்க என்றேன். நான் வெளியே நின்றது தெரியுமோ, பார்த்தாரோ. "தீப்பெட்டிய நான் எப்பவும் பையிலதான் வெச்சுக்குவேன். நீங்க கேட்டாத்தான் குடுப்பேன். அன்னிக்கு மேசையில வெச்சுட்டு ஜாடி கழுவப் போயிட்டேன். போலீஸ்ல நீங்க வெச்சதா எழுதிட்டாங்க, நானும் பேசாம இருந்துட்டேன். மூணு வருசமா கோயில்ல போய் உக்காந்தாலும் அந்தத் தீப்பெட்டிதான் கண்ணு முன்னாடி நிக்குது. நீங்க என்னால இங்க வந்து நிக்கறீங்க." அவர் கண் சிவந்திருந்தது. அறுபதை நெருங்குகிற மனுஷர், என் முன்னால் தலையைக் குனிந்துகொண்டு உட்கார்ந்திருக்கிறார். இப்போது சொல்லலாம். இந்த வினாடி, அவர் இறக்கிவைத்த இடத்திலேயே நானும் இறக்கிவைக்கலாம், இல்லைங்க இருதயராஜ், நான் அங்கே இல்லவே இல்லை, நீங்க தீப்பெட்டியைப் பையில் வைத்திருந்தால் அது நடந்திருக்காது என்பது போலவேதான் நான் போனை வைத்திருந்தால் நடந்திருக்காது என்பதும். நாக்கு எழும்பியது. "அதனால என்னங்க, விடுங்க" என்றேன். என் குரல் அன்பாக இருந்தது, அதுதான் கொடுமை, மன்னிக்கிறவள் குரல் அது. அவர் கைகூப்பினார். நான் அதை வாங்கிக்கொண்டேன். வாங்கிக்கொண்டு மணியைப் பார்த்தேன். பதினொன்று நாற்பது.

எட்டு மாசத்துக்கு முன்னால் அவள் கூண்டில் ஏறினபோதும் இதே நேரம்தான். அரசு வக்கீல் கேட்டார், சம்பவம் நடந்தபோது ஆசிரியை எங்கே இருந்தார். நான் பின்னால் நின்றுகொண்டிருந்தேன், என் கால்விரல்களைச் செருப்புக்குள் மடக்கிக்கொண்டு. முடிந்தது என்று நினைத்தேன், ஒரு நிமிஷம் நிம்மதிகூட வந்தது, சொல்லிவிடப் போகிறாள், எல்லாம் முடிந்துவிடும் என்று. அவள், "மிஸ் பக்கத்துலதான் இருந்தாங்க. வேண்டாம்னு சொன்னாங்க. நான்தான் கேக்காம பத்த வெச்சேன்" என்றாள். அரசு வக்கீல் மறுபடியும் கேட்டார். மறுபடியும் அதையே சொன்னாள். இடது கண் அசையவில்லை, அது ஆஸ்பத்திரியில் வைத்த செயற்கைக் கண், வலது கண் நேராக நீதிபதியைப் பார்த்தது. பக்கிரிசாமி அன்றைக்கு வெளியே வந்து, "தங்கமான பொண்ணு டீச்சர். உங்க மேல எவ்வளவு மரியாதை" என்றார். மரியாதை. எட்டு மாசமாக அந்தச் சொல்லைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறேன். நான் அவளுக்கு என்ன செய்தேன், பாடம் நடத்தினேன், ஒரு தடவை கட்டுரைப் போட்டிக்குத் திருத்திக்கொடுத்தேன். அதற்காக ஒருத்தி கண்ணைக் கொடுத்துவிட்டுப் பொய்யும் சொல்வாளா. பள்ளிக்கூடத்துக்காரர்கள் யாராவது போய்ப் பேசினார்களோ, இல்லை, சின்னையன் அப்படிப்பட்டவர் இல்லை. சின்னப் பிள்ளைகள் தங்கள் மேல்தான் தப்பு என்று நிஜமாகவே நம்பிவிடும், அப்படி நம்பியிருக்கிறாளோ. அதுதான் அடியில் கிடக்கிற பயம், இப்போது தொட்டுவிட்டேன், கையை எடுக்க முடியவில்லை. அவள் அதை நம்பிவிட்டாள் என்றால், நான் வெளியே நின்றதை மறந்து, தான்தான் கேட்காமல் பற்றவைத்தவள் என்று ஆயுசு முழுக்க நம்பப்போகிறாள் என்றால், அந்த நம்பிக்கைமேல் ஏறித்தான் நான் இந்த வாசலைத் தாண்டி வீட்டுக்குப் போகப்போகிறேன்.

"விடுதலை. இருதயராஜ்." டவாலி இரண்டாவது முறை கூப்பிடுவதற்குள் எழுந்துவிட்டேன். யாரோ திரும்பினார்கள், யாரோ சிரித்தார்களா என்று தெரியவில்லை. உள்ளே மின்விசிறி தலைக்கு மேலே டக்டக்கென்று அடித்துக்கொண்டு சுற்றியது. நீதிபதி என்னைவிடச் சின்னவர், முப்பத்தைந்து இருக்கும், ஜலதோஷம் பிடித்திருந்தது, பக்கங்களை வேகமாகப் புரட்டி வேகமாக வாசித்தார், நாள், நேரம், இடம், அரசுத் தரப்புச் சாட்சி ஒன்று, இரண்டு, மூன்று. என் உடம்பு முழுக்கக் காதாகிவிட்டது, ஆனால் சொற்கள் ஒன்றோடொன்று சேரவில்லை, உதிரி உதிரியாக வந்து விழுந்தன. குடுவை என்று வந்தது. அமிலம் என்று வந்தது. நிரந்தரப் பார்வை இழப்பு என்று வந்தது. பிறகு அவர், "எனவே, முதல் எதிரி விடுதலை" என்றார். நிறுத்தினார். கைக்குட்டையை எடுத்து மூக்கைத் துடைத்துக்கொண்டார். முதல் எதிரி விடுதலை. அது என் பெயரா, தீர்ப்பா. முதல் எதிரியாகிய விடுதலை என்று ஆரம்பிக்கிற வாக்கியமா, முதல் எதிரி விடுதலை என்று முடிகிற வாக்கியமா. முதல் எதிரி மட்டும் என்றால் இருதயராஜ்? பக்கிரிசாமி முகத்தைப் பார்த்தேன், அவரும் அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார். மூக்கைத் துடைத்து முடிக்கவில்லை. மூணு விநாடி இருக்கும், நாலு இருக்கும். அந்த இடைவெளியில் எனக்கு ஒன்று தெளிவாகத் தெரிந்தது, இதற்கு முன்னால் ஒருநாளும் அவ்வளவு தெளிவாக எனக்கு ஒன்றும் தெரிந்ததில்லை: அது பெயராகவே இருக்கட்டும் என்று நான் விரும்பினேன். அதற்குப் பின்னால் தண்டனை வரட்டும் என்று. பிறகு அந்த விருப்பமும் பொய்யாகிவிட்டது, ஏனென்றால் கூண்டுக் கம்பியைப் பிடித்திருந்த கை கெஞ்சிக்கொண்டிருந்தது. அவர் கைக்குட்டையை வைத்துவிட்டுத் தொடர்ந்தார், "என்பவர் மீதும் இரண்டாம் எதிரி இருதயராஜ் என்பவர் மீதும் சாட்டப்பட்ட குற்றத்தை, காயமடைந்த சாட்சியே எதிரிகளுக்குச் சாதகமாகச் சாட்சியம் அளித்துள்ள நிலையில், அரசுத் தரப்பு சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்கத் தவறியதால், இருவரும் குற்றவாளிகள் அல்லர் எனத் தீர்மானிக்கப்பட்டு விடுதலை செய்யப்படுகிறார்கள்." தட்டச்சு செய்கிறவர் தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்து லேசாகச் சிரித்தார். இருதயராஜ் சிலுவை போட்டுக்கொண்டார். அடுத்த வழக்கின் பெயரைக் கூப்பிட்டாகிவிட்டது.

பக்கிரிசாமி கையெழுத்து வாங்கினார், ஏதோ சொன்னார், மேலதிகாரிக்கு நகல் அனுப்பவேண்டும் என்றார், நான் சரி சரி என்றேன். வராந்தாவில் அவர்கள் இல்லை. படியிறங்கி ஓடினேன், ஓடினேன் என்றுதான் சொல்லவேண்டும், வளாகத்து வாசலில், ஜெராக்ஸ் கடைக்கு முன்னால், சின்னையன் மோட்டார் சைக்கிளை எடுக்க எதிர்ப்பக்கம் போயிருந்தார், அவள் மட்டும் நின்றிருந்தாள். "தர்ஷிகா." திரும்பினாள். "சொல்லுங்க மிஸ்." மூச்சு வாங்கியது. யார் கேட்டாலும் கேட்கட்டும் என்று இருந்தது. "நான் அன்னிக்கு உள்ள இல்லம்மா." "தெரியும் மிஸ்" என்றாள். சாதாரணமாகத்தான் சொன்னாள். "ஜன்னல்ல தெரிஞ்சுது. அந்தப் பக்கம் திரும்பி போன் பேசிக்கிட்டு இருந்தீங்க. நீங்க பாக்கலைன்னுதான் பத்த வெச்சேன். உள்ள இருந்திருந்தா வெச்சிருக்க மாட்டேன்." எனக்குள் ஏதோ ஒன்று, மூணு வருஷமாக முறுக்கி வைத்திருந்தது, அவிழ்ந்து விழுந்தது, ஆனால் இலேசாகவில்லை. அவளுக்கு எல்லாம் ஞாபகமிருக்கிறது. தன் தப்பு எவ்வளவு, என் தப்பு எவ்வளவு என்று அவளுக்கு நறுக்கென்று தெரிந்திருக்கிறது. "அப்புறம் ஏம்மா அப்படிச் சொன்னே?" "முடியணும்னு சொன்னேன் மிஸ்." நிறுத்தி, எதிர்ப்பக்கம் அப்பாவைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "ஒவ்வொரு வாய்தாவுக்கும் அப்பா வேலைய விட்டுட்டு வந்து இங்க நிக்கறாரு. சாயங்காலம் வீட்டுக்கு வந்து என் மூஞ்சியப் பாக்க மாட்டாரு. நீங்க வெளிய இருந்தீங்கன்னு சொன்னா அப்பீலு, அது இதுன்னு இன்னும் அஞ்சு வருசம் இழுக்கும்னு வக்கீலு ஒருத்தர் சொன்னாரு. எனக்குத் திங்கக்கிழமை காலேஜ் தொறக்குது. திருச்சியில." நான் சொன்னேன், அவசரமாக, குழறிக்கொண்டு, "நான் இப்பவே உள்ள போய்ச் சொல்லிடறேம்மா. எழுதிக்குடுத்துடறேன்." அவள் என்னை முழுதாகப் பார்த்தாள். "சொன்னா உங்களுக்கு நிம்மதியா இருக்கும் மிஸ். எங்கப்பா மறுபடியும் வரணும்."  "மன்னிச்சிட்டேன்னும் நெனச்சுக்காதீங்க" என்றாள், கோபமில்லாமல், கணக்கில் ஒரு படியை விளக்குகிற மாதிரி. "அதப் பத்தி நான் இன்னும் யோசிக்கல. படிச்சு முடிச்சுட்டு யோசிக்கலாம்னு இருக்கேன். வரேன் மிஸ்."

எதிர்ப்பக்கம் சின்னையன் வண்டியை உதைத்துக் கிளப்பினார். மெயின் ரோடு, நடுவில் தடுப்பு இல்லை, வேகத்தடையும் இல்லை, பஸ் நிலையத்திலிருந்து வருகிற டவுன் பஸ்கள் எல்லாம் அவளுக்கு இடதுபக்கத்திலிருந்துதான் வரும். ஒரு பஸ் வந்துகொண்டிருந்தது. என் கை தானாக நீண்டது, பெயரைக் கூப்பிட வாய் திறந்தது. கூப்பிட்டால் என் பக்கம் திரும்புவாள் என்று தோன்றி வாயை மூடிக்கொண்டேன். அவள் வலதுபக்கம் ஒரு பார்வை பார்த்தாள். பிறகு கழுத்தை இடது தோளுக்கும் அப்பால், உடம்பே திரும்புகிற அளவுக்கு, முழுசாகத் திருப்பி, வருகிற பஸ்ஸை அந்த ஒரு கண்ணால் பார்த்து, நின்று, அது போகும்வரை பொறுத்து, மறுபடியும் ஒருதரம் அதேபோல் திருப்பிப் பார்த்துவிட்டு, ரோட்டைக் கடந்தாள்.